12 ஆண்டு தாமதமாக வந்த ரிலே தங்கம்: சண்டே பாடாவைப் பற்றிப் பேசுவோம்

ஆறாம்லேன் எழுதியது:

2025 செப்டம்பரில் டோக்கியோ உலகத் தடகளப் போட்டியின் கடைசி நாள். கொட்டும் மழையில் போட்ஸ்வானா ஆண்கள் 4×400 ரிலேயில் (நான்கு பேர், ஆளுக்கு 400 மீட்டர்) தங்கம் வாங்கியதை நம்மில் பலர் பார்த்திருப்போம். உலகப் போட்டியில் இந்தப் பிரிவில் ஓர் ஆப்பிரிக்க நாடு தங்கம் வாங்கியது அதுதான் முதல் முறை. அதற்குப் பிறகு இங்கே ஒருவர் கேட்டிருந்தார்: "ஆப்பிரிக்க ரிலே ஓட்டக்காரர்களில் யாருடைய கதையை முதலில் படிக்கணும்?"

என் பதில் நைஜீரியாவின் சண்டே பாடா. ஏன் என்று கொஞ்சம் நீளமாகவே எழுதுகிறேன், பொறுத்துக்கொள்ளுங்கள்.

1969இல் கடூனாவில் பிறந்தவர். 400 மீட்டர் ஓட்டக்காரர். 1992, 1996, 2000 என்று மூன்று ஒலிம்பிக்கில் நைஜீரியாவுக்காக ஓடினார். தனி ஓட்டத்தில் அவர் பெயர் வாங்கியது உள்ளரங்கப் போட்டிகளில். 1993 டொராண்டோ உலக உள்ளரங்கப் போட்டியில் வெள்ளி, அங்கே தங்கம் புட்ச் ரெனால்ட்ஸுக்கு. 1995 பார்சிலோனாவில் மறுபடியும் வெள்ளி. 1997 பாரிஸில் 45.51 விநாடியில் ஓடி பிரிட்டனின் ஜேமி பால்ச்சை முந்தித் தங்கம். அடுத்தடுத்த மூன்று உலக உள்ளரங்கப் போட்டிகளில் மேடை ஏறினார்.

1995இல் சுவீடனின் கோதன்பர்க் நகரில் நடந்த உலகப் போட்டியில் 4×400 வெண்கலம் வாங்கிய நைஜீரிய அணியிலும் அவர் இருந்தார். கூட ஓடியவர்களில் ஒருவர் ஜூட் மோன்யே. இந்தப் பெயரை நினைவில் வையுங்கள், திரும்ப வரும்.

2000 செப்டம்பர் 30, சிட்னி. இறுதி ஓட்டத்துக்கு நைஜீரியா இறக்கிய வரிசை: க்ளெமென்ட் சுக்வு, ஜூட் மோன்யே, சண்டே பாடா, எனெஃபியோக் உடோ-ஒபாங். பாடாவுக்கு 31 வயது, கடைசியாக ஓடிய உடோ-ஒபாங்குக்கு 18. அரங்கமே அமெரிக்க அணியின் நட்சத்திரம் மைக்கேல் ஜான்சனின் கடைசி ஒலிம்பிக் ஓட்டத்தைப் பார்க்கத்தான் எழுந்து நின்றது. அமெரிக்கா 2:56.35 எடுத்து முதலில் வந்தது. நைஜீரியா 2:58.68, புதிய ஆப்பிரிக்க சாதனை. ஜமைக்கா 2:58.78. வெள்ளிக்கும் வெண்கலத்துக்கும் நடுவே பத்தில் ஒரு விநாடி. நான்காவதாக பஹாமாஸ் 2:59.23.

நான்கு பேரின் நேரத்தையும் கூட்டி நாலால் வகுத்தால் ஆளுக்கு 44.67 வருகிறது. பாடாவின் வாழ்நாள் சிறந்த நேரமே 44.63. முதல் ஆளைத் தவிர மற்ற மூவரும் ஓடிக்கொண்டே பேட்டனை (கைமாற்றும் குச்சியை) வாங்குவதால் ரிலேயில் நேரம் கொஞ்சம் குறையும், உண்மைதான். ஆனாலும் அன்றைக்கு நான்கு பேருமே ஒரே சமயத்தில் தங்கள் உச்சத்தில் ஓடினார்கள் என்பதுதான் அந்த எண்ணுக்குப் பொருள்.

எட்டு ஆண்டு கழித்து, 2008 மே மாதம், அமெரிக்க அணியில் இரண்டாவதாக ஓடிய ஆன்டோனியோ பெட்டிக்ரூ நீதிமன்றத்தில் சாட்சி சொன்னார். பயிற்சியாளர் ட்ரெவர் கிரஹாம் மீதான வழக்கு அது. 1997இலிருந்தே ஊக்கமருந்து எடுத்துக்கொண்டதாக அவர் ஒப்புக்கொண்டார். ஆகஸ்ட் 2ஆம் தேதி ஒலிம்பிக் கமிட்டி அமெரிக்க அணியின் முடிவை ரத்து செய்தது.

அன்றைக்கே தங்கம் நைஜீரியாவுக்குப் போயிருக்க வேண்டும். போகவில்லை. பதக்க மறுபங்கீடு 2012 ஜூலை 21 அன்றுதான் முடிவானது.

சண்டே பாடா 2011 டிசம்பர் 12இல் இறந்துவிட்டார். 42 வயது.

ஏழு மாதம்தான் மீதி. அதற்கு முன்னால் மூன்று ஆண்டுக்கு மேல் கமிட்டியின் கையில் இருந்தது. அமெரிக்காவில் நடந்துகொண்டிருந்த ஊக்கமருந்து விசாரணை முழுசாக முடியட்டும் என்று காத்திருந்தார்களாம். பதக்கத்தைப் பறிக்க ஒரு வாக்குமூலம் போதும், கொடுக்க மட்டும் எல்லா விசாரணையும் முடியணும் என்றால் அந்தக் காத்திருப்பின் விலையைக் கொடுப்பது யார்? பாடா கொடுத்தார். எனக்கு இதில் இன்னும் ஆறவில்லை.

---

காரைக்குடிக்காரன் எழுதியது:

நல்ல பதிவு அண்ணே. மைக்கேல் ஜான்சனைத் தெரியும், இந்த நாலு பேரில் ஒருத்தர் பெயர்கூட எனக்குத் தெரியாது. ஒரு சந்தேகம். ஜான்சன் தப்பு எதுவும் பண்ணலையே? அவருடைய பதக்கத்தையும் பிடுங்கினது நியாயமா? ஒருத்தர் செஞ்ச தப்புக்கு நாலு பேருக்கும் தண்டனையா?

---

ஆறாம்லேன் எழுதியது:

தம்பி, ஜான்சன் மீது எந்தக் குற்றச்சாட்டும் இல்லை. சொல்லப்போனால் கமிட்டி கேட்பதற்கு முன்பே பதக்கத்தைத் திருப்பித் தருவதாக அறிவித்தவர் அவர். அதற்காக அவர் மேல் எனக்கு மதிப்பு உண்டு.

ஆனால் ரிலேயில் நேரம் ஒன்றுதான். 2:56.35 நான்கு பேருக்கும் சேர்த்து ஒரே எண். அதில் பெட்டிக்ரூவின் பங்கை மட்டும் கழித்துவிட்டு மீதியைச் செல்லும் என்று சொல்ல முடியாது. உசேன் போல்ட்டுக்கும் இதேதான் நடந்தது. 2008 பெய்ஜிங் 4×100இல் நெஸ்டா கார்ட்டரின் மாதிரியை மறுபடி சோதித்ததில் சிக்கியது, 2017இல் போல்ட்டின் தங்கமும் போனது. போல்ட் சுத்தமானவர்தான். ஆனால் அந்த ஓட்டத்தில் இரண்டாவது வந்த டிரினிடாட்காரர்களும் சுத்தமாக ஓடினார்களே.

---

மைதானத்துப்புழுதி எழுதியது:

இந்த விவாதம் 2008க்கு முன்னாலேயே ஒரு முறை நடந்து முடிந்தது. அதைச் சொல்லாமல் இந்தக் கதை முழுமை ஆகாது.

சிட்னியில் அமெரிக்காவுக்காகத் தகுதிச் சுற்றுகளில் ஓடியவர்களில் ஒருவர் ஜெரோம் யங். இறுதியில் ஓடவில்லை. இவர் 1999இலேயே நாண்ட்ரலோன் என்ற ஊக்கமருந்துக்கான சோதனையில் சிக்கியவர், ஆனால் அமெரிக்கத் தடகள அமைப்பு அவரை விடுவித்து, விஷயத்தை வெளியே சொல்லவும் இல்லை. பிறகு கசிந்தது. சிட்னியில் ஓடும் தகுதியே அவருக்கு இல்லை என்று 2004இல் விளையாட்டு நடுவர் மன்றம் சொன்னது. அதை வைத்து அமெரிக்க அணி முழுவதையும் நீக்க வேண்டும் என்று சர்வதேசத் தடகளக் கூட்டமைப்பு சொன்னது.

அமெரிக்கா மேல்முறையீடு போனது. 2005 ஜூலையில் அதே நடுவர் மன்றம், தகுதிச் சுற்றில் ஓடிய ஒருவருக்காக இறுதியில் ஓடிய அணியின் முடிவை ரத்து செய்ய அன்றைய விதிகளில் இடம் இல்லை என்று தீர்ப்பு கொடுத்தது. ஆக நைஜீரியாவுக்கு 2004இல் தங்கம் வரும்போல இருந்தது, 2005இல் இல்லை என்றானது, 2008இல் மறுபடி வந்தது, 2012 வரை நின்றது. பாடா இந்த அலைக்கழிப்பு முழுவதையும் உயிரோடு இருந்து பார்த்தார். கடைசிப் படி மட்டும்தான் மீதி.

சிட்னி இறுதியில் அமெரிக்காவுக்காக ஓடிய ஹாரிசன் சகோதரர்கள் இருவரும், ஆல்வினும் கால்வினும், 2004இல் ஊக்கமருந்து விவகாரங்களில் தடை வாங்கினார்கள் என்பதையும் சேர்த்துக்கொள்ளுங்கள். அது சிட்னி ஓட்டம் தொடர்பான தடை இல்லை. ஆனால் இறுதியில் ஓடிய நான்கு அமெரிக்கர்களில் பிற்பாடு எந்தக் கறையும் படாமல் நின்றவர் ஜான்சன் ஒருவர் மட்டும்தான்.

---

வேப்பமரநிழல் எழுதியது:

நான் பள்ளியில் உடற்கல்வி ஆசிரியர். ரிலே அணி அமைக்கும் வேலை எனக்குத் தினசரி வேலை என்பதால் ஆறாம்லேன் சொன்ன வரிசையில் ஒரு விஷயம் கண்ணில் பட்டது. மூன்று உலக உள்ளரங்கப் பதக்கம் வாங்கிய ஆளை மூன்றாவதாக வைத்திருக்கிறார்கள்.

4×400இல் முதல் ஆள் முழுச் சுற்றும் தன் லேனிலேயே ஓடணும். இரண்டாவது ஆள் முதல் வளைவு முடிகிற வரை லேனில் ஓடி, பிறகு உள்ளே வெட்டி வரலாம். மூன்றாவது ஆளுக்கு லேனே கிடையாது. பேட்டன் வாங்க நிற்கும் இடம்கூட நிரந்தரம் இல்லை. முன்னால் ஓடிவரும் தன் அணிக்காரர் 200 மீட்டர் குறியைக் கடக்கும்போது எந்த இடத்தில் வருகிறாரோ அந்த வரிசைப்படி உள்ளேயிருந்து வெளியே நிற்க வேண்டும். எட்டு பேர் ஒரே இடத்தில் தோளோடு தோள் உரசி நின்று, சோர்ந்து தள்ளாடி வரும் ஆளிடம் வாங்கிக்கொண்டு கிளம்பணும். 4×100 மாதிரி பின்னால் பார்க்காமல் கையை நீட்டினால் இங்கே கதை முடிந்தது. திரும்பிப் பார்த்து, வருகிற ஆளிடம் இன்னும் எவ்வளவு தெம்பு இருக்கிறது என்று கணித்து, அதற்கேற்ற வேகத்தில் நகர்ந்தபடி வாங்க வேண்டும். முட்டுவதும் மிதிபடுவதும் பேட்டன் தெறித்து விழுவதும் அதிகம் நடப்பது இந்த இடத்தில்தான்.

உள்ளரங்க 400 மீட்டர் என்பது 200 மீட்டர் தடத்தில் இரண்டு சுற்று. முதல் சுற்றின் இரண்டு வளைவு முடிந்ததும் எல்லோரும் உள்லேனுக்குப் பாய்வார்கள். தடம் குறுகல், வளைவு சாய்ந்திருக்கும், முழங்கை இடிபடும். அந்த இடத்தில் முன்னால் நுழையத் தெரியாதவன் எவ்வளவு வேகக்காரனாக இருந்தாலும் தோற்பான். பாடா அந்தப் பள்ளியில் தேறியவர். நெரிசலில் பதறாத ஆளை மூன்றாவதாகவும், பயமறியாத பதினெட்டு வயதுப் பையனைக் கடைசியாகவும் வைத்தது சும்மா நடந்திருக்காது என்பது என் கணிப்பு. எங்கள் பிள்ளைகளிடம் நான் எப்போதும் சொல்வது: வேகமான ஆளைக் கடைசியில் வை, நிதானமான ஆளை மூன்றாவதில் வை.

---

கனகாம்பரம் எழுதியது:

வேப்பமரநிழல் சார், அருமையாகச் சொன்னீர்கள். இத்தனை வருஷம் ரிலே பார்க்கிறேன், அந்த 200 மீட்டர் வரிசை விதி எனக்குத் தெரியாது. அவர்கள் ஏன் இடம் மாறி மாறி நிற்கிறார்கள் என்று யோசித்திருக்கிறேன்.

ஆறாம்லேன், உங்களிடம் ஒரு கேள்வி. ஒலிம்பிக் 4×400இல் ஆப்பிரிக்காவுக்கு இதுதான் முதல் தங்கமா?

---

ஆறாம்லேன் எழுதியது:

இல்லை அக்கா. முதல் தங்கம் கென்யாவுக்கு, 1972 மியூனிக். சார்லஸ் அசாட்டி, ஹெசகையா ந்யமாவ், ராபர்ட் ஓக்கோ, ஜூலியஸ் சாங். நேரம் 2:59.83. அதற்கு முந்தின 1968 மெக்சிகோவிலேயே அவர்கள் வெள்ளி. அந்த வெள்ளி அணியில் ஓடிய டேனியல் ருடிஷாதான் 800 மீட்டர் உலக சாதனையாளர் டேவிட் ருடிஷாவின் அப்பா.

மியூனிக்கிலும் அமெரிக்கா இல்லை. 400 மீட்டரில் தங்கமும் வெள்ளியும் வாங்கிய வின்ஸ் மேத்யூஸ், வேய்ன் காலெட் இருவரும் மேடையில் தேசிய கீதத்தின்போது நடந்துகொண்ட விதத்துக்காக வெளியேற்றப்பட்டார்கள். இன்னொருவருக்குக் காயம். அணி சேர்க்க ஆளே இல்லை. ஆனால் கென்யர்கள் தங்கத்தை அன்றைக்கே, மைதானத்திலேயே, கூட்டத்தின் முன்னால் வாங்கினார்கள். அந்த வித்தியாசம் பெரிது.

நைஜீரியாவின் 4×400 வரிசையில் 1984ஐ விட்டுவிடக் கூடாது. லாஸ் ஏஞ்சலஸில் சண்டே உட்டி, மோசஸ் உக்பிசியன், ரோட்டிமி பீட்டர்ஸ், இன்னொசென்ட் எக்புனிகே நால்வரும் 2:59.32இல் வெண்கலம். பாடா வளர்ந்தது எக்புனிகேயின் பெயர் ஊரெல்லாம் பேசப்பட்ட காலத்தில். எக்புனிகே 1987 ரோம் உலகப் போட்டியில் 400 மீட்டர் வெள்ளி வாங்கியவர்.

---

தடகளப்பித்தன் எழுதியது:

எல்லாம் சரி. ஆனால் இந்த இழை போகிற போக்கைப் பார்த்தால் நைஜீரியா என்றால் எப்போதும் பாதிக்கப்பட்ட தரப்பு என்று புதிதாகப் படிக்கிறவர் நினைத்துவிடுவார். அது சரியில்லை.

1999 செவியா உலகப் போட்டியில் நைஜீரியாவின் 4×100 அணி மூன்றாவது வந்தது, 37.91 விநாடி. அணியில் ஓடிய இன்னொசென்ட் அசோன்ஸே அதற்கு முன்பே ஊக்கமருந்தில் சிக்கியிருந்தார் என்று பிறகு தெரிந்து வெண்கலம் பறிபோனது, பிரேசிலுக்குப் போனது. 2022 பர்மிங்ஹாம் காமன்வெல்த் போட்டியில் பெண்கள் 4×100 தங்கம், கிரேஸ் ந்வொகோச்சா சோதனையில் சிக்கியதால் ரத்து. டோபி அமுசான் மாதிரி உலக சாதனையாளர் ஓடிய அணி அது. 2021 டோக்கியோ ஒலிம்பிக்கில் ஓட்டக்காரர் ப்ளெஸிங் ஒகக்பாரே ஊக்கமருந்தில் சிக்கி நடுவிலேயே தடை செய்யப்பட்டார். அதே ஒலிம்பிக்கில், போதுமான முன்னறிவிப்பில்லாச் சோதனைகளை நடத்தவில்லை என்று பத்து நைஜீரிய வீரர்கள் ஓடவே அனுமதிக்கப்படவில்லை. அவர்கள் மருந்து எடுத்தவர்கள் இல்லை, நிர்வாகம் சோதனை வைக்காததால் தண்டனை.

சிட்னி அணியைக் குறை சொல்லவில்லை. ஆனால் நாட்டை ஒரே நிறத்தில் தீட்டாதீர்கள்.

---

ஆறாம்லேன் எழுதியது:

பித்தன் சொன்ன ஒவ்வொன்றும் உண்மை, அதை நான் மறுக்கவே மாட்டேன். நான் நைஜீரியாவின் வக்கீல் இல்லை. இங்கே பேசுவது நான்கு ஆட்களைப் பற்றி, அதிலும் ஓர் ஆளைப் பற்றி. அசோன்ஸே விவகாரத்தில் பிரேசில்காரர்களும் ஆண்டுக்கணக்கில் காத்திருந்துதான் வெண்கலம் வாங்கினார்கள். அவர்களுக்காகவும் இதே கோபம்தான்.

நீங்கள் கடைசியில் சொன்ன பத்துப் பேர் விஷயம் என்னை அதிகம் பாதித்தது. அந்த நாட்டில் ஓடுகிறவர்களுக்கும் நடத்துகிறவர்களுக்கும் இடையே இருக்கும் தூரம் அது. திறமைக்குக் குறைவே இல்லை. 1992 பார்சிலோனாவில் ஆண்கள் 4×100 வெள்ளி, பெண்கள் 4×100 வெண்கலம். 1996 அட்லாண்டாவில் பெண்கள் 4×400 வெள்ளி. 2004 ஏதென்ஸில் ஆண்கள் இரண்டு ரிலேயிலும் வெண்கலம். ஒரு நாடு இத்தனை ரிலே பதக்கம் வாங்குகிறது என்றால் ஒவ்வொரு தலைமுறையிலும் நாலு பேர் சேர்ந்தாற்போல் கிடைக்கிறார்கள் என்று அர்த்தம்.

ஏதென்ஸ் 4×400 வெண்கல அணியிலும் கடைசியாக ஓடியவர் அதே உடோ-ஒபாங்தான். 22 வயதுக்குள் இரண்டு ஒலிம்பிக் ரிலே பதக்கம்.

---

யாழ்வாசகன் எழுதியது:

ஓடுகிறவர்களுக்கும் நடத்துகிறவர்களுக்கும் இடையிலான தூரம் என்றீர்கள், பிரான்சிஸ் ஒபிக்வெலு ஞாபகம் வந்தார். 1997 ஏதென்ஸ் உலகப் போட்டியில் நைஜீரியா 4×100 வெள்ளி வாங்கினபோது அந்த அணியில் ஓடினவர். பதின்ம வயதிலேயே போர்த்துக்கலில் தங்கிக் கட்டட வேலை செய்து வாழ்ந்தவர். பிறகு போர்த்துக்கல் குடியுரிமை எடுத்து 2004 ஒலிம்பிக் 100 மீற்றரில் 9.86 ஓடி வெள்ளி வாங்கினார். அந்த வெள்ளி நைஜீரியாவின் கணக்கில் வந்திருக்க வேண்டியது.

இப்படிப் போனவர்கள் நிறையப் பேர். பஹ்ரைனுக்குப் போனவர்களும் இருக்கினம்.

---

காரைக்குடிக்காரன் எழுதியது:

பஹ்ரைன் என்றதும் ஒன்று! 2018 ஜகார்த்தா ஆசியப் போட்டி, ஆண்களும் பெண்களும் சேர்ந்து ஓடும் கலப்பு 4×400. நம்ம ஆரோக்கிய ராஜீவ் ஓடினாரே அது?

---

மைதானத்துப்புழுதி எழுதியது:

அதேதான். முகமது அனஸ், பூவம்மா, ஹிமா தாஸ், ஆரோக்கிய ராஜீவ். ராஜீவ் லால்குடிப் பக்கம் வழுதியூர்க்காரர், ராணுவத்தில் இருந்தவர். அன்றைக்கு பஹ்ரைன் 3:11.89 எடுத்துத் தங்கம், இந்தியா 3:15.71 எடுத்து வெள்ளி. பஹ்ரைன் அணியில் ஓடிய கெமி அடேகோயா நைஜீரியாவில் பிறந்தவர். ஜகார்த்தா சமயத்தில் எடுத்த மாதிரியில் ஸ்டானசலால் என்ற ஊக்கமருந்து இருந்தது, நான்கு ஆண்டு தடை. 2020 ஜூலையில் இந்தியாவின் வெள்ளி தங்கம் ஆனது.

இரண்டு ஆண்டில் வந்தது. அப்போதும் மேடை கிடையாது, கீதம் கிடையாது, கொரோனா முடக்கத்தில் செய்தியாக மட்டும் வந்தது. நம் ஊரிலேயே எத்தனை பேருக்கு அது தெரியும்? ராஜீவ் ஆசியத் தங்கம் வாங்கியவர் என்று சொன்னால் "எப்போ?" என்று கேட்பவர்கள்தான் அதிகம்.

---

கனகாம்பரம் எழுதியது:

எனக்குத் தெரியாது. இப்போதுதான் தெரிந்துகொண்டேன்.

நேரத்தைப் பற்றியும் ஒன்று கேட்கணும். 2023 புடாபெஸ்டில் நம் பசங்க அமெரிக்காவையே விரட்டின அந்தத் தகுதிச் சுற்று ஓட்டம் எவ்வளவு? நைஜீரியாவின் சிட்னி நேரத்துக்குப் பக்கத்தில் வருமா?

---

வேப்பமரநிழல் எழுதியது:

2:59.05. அன்றைக்கு அது ஆசிய சாதனை. அனஸ், அமோஜ் ஜேக்கப், அஜ்மல், கடைசியில் நம் ராஜேஷ் ரமேஷ். சிட்னி நைஜீரிய அணியைவிட 0.37 விநாடி அதிகம். சிட்னி ஓட்டம் புடாபெஸ்டுக்கு 23 ஆண்டு முன்பு, இன்றைய காலணிகள் எதுவும் இல்லாத காலத்தில் ஓடியது என்பதையும் வைத்துப் பாருங்கள். அந்த 2:58.68 ஆப்பிரிக்க சாதனையாக 2021 டோக்கியோ ஒலிம்பிக் வரை நின்றது. அங்கே போட்ஸ்வானா தகுதிச் சுற்றிலேயே அதைத் தாண்டி, இறுதியில் 2:57.27 ஓடி வெண்கலம் வாங்கியது. 2024 பாரிஸ் ஒலிம்பிக்கில் 2:54.53, அமெரிக்காவுக்குப் பத்தில் ஒரு விநாடி பின்னால், வெள்ளி.

அந்த டோக்கியோ அணியில் ஓடிய ஐசக் மக்வாலா எனக்குப் பிடித்தமான ஆள். 2017 லண்டன் உலகப் போட்டியில் வயிற்றுத் தொற்று என்று சொல்லி அவரை 400 மீட்டர் இறுதிக்கு விடவில்லை. மறுநாள் மழையில் தனி ஆளாக, பக்கத்து லேன்கள் எல்லாம் காலி, கடிகாரத்தோடு மட்டும் 200 மீட்டர் ஓடித் தகுதி பெற்றார். ஓடி முடித்துத் தரையில் தண்டால் எடுத்தார். நான்கு வருடம் கழித்து 35 வயதில் ரிலே மூலமாக ஒலிம்பிக் பதக்கம் கிடைத்தது அவருக்கு.

---

தடகளப்பித்தன் எழுதியது:

மக்வாலா பற்றித் தனி இழையே போடலாம்.

பாடா விஷயத்துக்குத் திரும்புவோம். நான் இன்னொரு பக்கமும் யோசித்தேன். பெட்டிக்ரூ 2010 ஆகஸ்டில் இறந்தார். அவருக்கும் 42 வயதுதான். சாட்சிக் கூண்டில் ஏறும்போது அவர் வடகரோலினா பல்கலைக்கழகத்தில் துணைப் பயிற்சியாளராக இருந்தார், வாங்கிய பதக்கத்தைத் தானாகவே திருப்பிக் கொடுத்தார். அவர் உண்மையைச் சொல்லியிருக்காவிட்டால் இந்தத் தங்கம் நைஜீரியாவுக்கு வந்தே இருக்காது. செய்தது தவறு, ஆனால் அந்த ஓட்டத்தின் உண்மையை வெளியே கொண்டுவந்தவரும் அவர்தான். அதையும் எழுதிவைக்க வேண்டும் என்று தோன்றியது.

---

ஆறாம்லேன் எழுதியது:

சரியாகச் சொன்னீர்கள் பித்தன். அவர் மேல் எனக்கு வெறுப்பு இல்லை. ஒரே இறுதியில் ஓடிய இருவர், 42 வயதில் பதினாறு மாத இடைவெளியில் போய்விட்டார்கள்.

என் கோபம் நடைமுறை மேல். 2008 ஆகஸ்டில் ரத்து செய்த அன்றே, "இரண்டாவது வந்த அணி இப்போது முதலிடம், அவர்களுடைய மாதிரிகளில் சிக்கல் இல்லை, அடுத்த கூட்டத்தில் முடிவு" என்று சொல்லியிருக்கலாம். பஹாமாஸையும் எடுத்துக்கொள்ளுங்கள். நான்காவது வந்து வெறுங்கையோடு போன அணி அது. 2012 ஜூலையில்தான் சிட்னி வெண்கலம் அவர்களுடையது என்று முடிவானது. சிட்னியில் கடைசியாக ஓடிய கிறிஸ் பிரவுன் அதற்குள் 33 வயதை எட்டிவிட்டார். மூன்று வாரம் கழித்து லண்டனில் அதே பிரவுன் முதல் ஆளாக ஓடி 2:56.72இல் பஹாமாஸ் தங்கமே வாங்கியது! பிரவுனுக்கு அந்த வாய்ப்பு இருந்தது, உடம்பில் ஓட்டம் மிச்சம் இருந்தது. பாடா ஓட்டத்தை விட்டுவிட்டு நைஜீரியத் தடகளக் கூட்டமைப்பில் வேலை பார்த்துக்கொண்டிருந்தார். அவருக்கு இனி ஓடிச் சம்பாதிக்க வழி இல்லை, வர வேண்டியது அந்தப் பழைய ஓட்டத்திலிருந்துதான் வந்தாக வேண்டும்.

பெரும்பாலான குறிப்புகளில் இப்போது அவர் பெயரோடு "ஒலிம்பிக் தங்கம்" என்று போடுகிறார்கள். போடட்டும், அது அவர் சம்பாதித்தது. ஆனால் உயிரோடு இருந்த ஒரு நாள்கூட அவரை யாரும் சட்டப்படி ஒலிம்பிக் சாம்பியன் என்று அழைக்க முடியவில்லை. 1997 பாரிஸ் உள்ளரங்கத் தங்கம் ஒன்றுதான் அவர் தன் கழுத்தில் உணர்ந்த உலகத் தங்கம்.

---

யாழ்வாசகன் எழுதியது:

2008 பெய்ஜிங்கில் நைஜீரியப் பெண்கள் 4×100க்கும் இதே மாதிரி ஒன்று நடந்தது அல்லவா?

---

மைதானத்துப்புழுதி எழுதியது:

ஆமாம். அன்று ரஷ்யா தங்கம், பெல்ஜியம் வெள்ளி, நைஜீரியா 43.04 விநாடியில் வெண்கலம். ரஷ்ய அணியின் யூலியா செர்மொஷான்ஸ்கயாவின் மாதிரியை மறுசோதனை செய்ததில் சிக்கி 2016இல் ரஷ்யா நீக்கப்பட்டது. பெல்ஜியம் தங்கத்துக்கும் நைஜீரியா வெள்ளிக்கும் உயர்ந்தன. எட்டு ஆண்டு.

---

காரைக்குடிக்காரன் எழுதியது:

அண்ணே, கடைசியா ஒரு கேள்வி. சிட்னியில் தகுதிச் சுற்றில் ஓடினவங்களுக்கும் தங்கம் உண்டா? ஜெரோம் யங் இறுதியில் ஓடாமலே பதக்கம் வாங்கினார்னா நைஜீரியாவிலும் அப்படி யாராவது இருக்கணுமே?

---

ஆறாம்லேன் எழுதியது:

உண்டு தம்பி, நல்ல கேள்வி. ந்டுகா அவாஸி, ஃபிடெலிஸ் கட்ஸாமா என்று இரண்டு பேர். முன்சுற்றுகளில் ஓடி அணியை இறுதிக்குக் கொண்டுவந்தவர்கள். தகுதிச் சுற்றில் ஓடியவர்களுக்கும் பதக்கம் உண்டு என்பது விதி, ஆகவே 2012 முடிவு இவர்களையும் ஒலிம்பிக் சாம்பியன் ஆக்கியது. தொலைக்காட்சியில் காட்டும் பழைய இறுதி ஓட்டத்தில் இவர்கள் இருவரையும் பார்க்கவே முடியாது. நைஜீரியாவின் மூன்றாவது ஒலிம்பிக் தங்கம் அது. முதல் இரண்டும் 1996 அட்லாண்டாவில் வந்தவை, நீளம் தாண்டுதலில் சியோமா அஜுன்வாவும் ஆண்கள் கால்பந்து அணியும்.

அட்லாண்டாவின் பெண்கள் 4×400 வெள்ளி அணியைப் பற்றி அடுத்து எழுதுகிறேன்: பிசி அஃபோலாபி, ஃபாத்திமா யூசுஃப், சாரிட்டி ஒபாரா, ஃபலிலத் ஒகுன்கோயா. 3:21.04 ஓடினார்கள். ஒகுன்கோயா அதே ஒலிம்பிக்கில் 400 மீட்டர் வெண்கலமும் வாங்கினார். கனகாம்பரம் அக்கா, உங்களிடம் அந்த ஓட்டத்தின் காணொளி இருந்தால் இங்கே போடுங்கள். வேப்பமரநிழல் சார், அதிலும் பேட்டன் மாற்றும் இடங்களைப் பார்த்துச் சொல்ல வேண்டும்.